இரண்டாம் வரிசைச் சிப்பாய்

1943-ஆம் ஆண்டு, ஹாலிவுட்டின் ட்வென்டியத் செஞ்சுரி ஃபாக்ஸ் ஸ்டூடியோவில் தபால் பிரிவில் ஒரு பையன் வேலை பார்த்துக்கொண்டிருந்தான். கடிதங்களையும் பொட்டலங்களையும் உரியவர்களிடம் கொண்டுபோய்ச் சேர்ப்பது வேலை. பெயர் ரிச்சர்ட் ஜேக்கல். நியூயார்க் அருகே லாங் பீச்சில் 1926 அக்டோபர் 10-ஆம் தேதி பிறந்தவன். அம்மா மில்லிசென்ட் ஹேன்லி மேடை நாடக நடிகை. அப்பா வீட்டில் தோலாடை வியாபாரம். போர்ப் படம் ஒன்றுக்கு ஆள் தேடிக்கொண்டிருந்த நடிகர் தேர்வாளரின் கண்ணில் இந்தத் தபால் பையன் பட்டான். பொன்னிறத் தலைமுடி, குழந்தைத்தனம் மாறாத முகம், திண்ணென்ற உடம்பு. ஒத்திகை பார்த்தார்கள், எடுத்துக்கொண்டார்கள்.

அந்தப் படம் 'குவாடல்கனால் டைரி'. சாலமன் தீவுகளில் அமெரிக்கர்களும் ஜப்பானியர்களும் மோதிய குவாடல்கனால் சண்டை 1942 ஆகஸ்டில் தொடங்கி 1943 பிப்ரவரியில் முடிந்தது. படம் அதே ஆண்டு நவம்பரில் திரைக்கு வந்துவிட்டது. படையினரோடு அந்தத் தீவில் தங்கியிருந்த பத்திரிகையாளர் ரிச்சர்ட் ட்ரெகாஸ்கிஸ் எழுதிய நூல்தான் மூலம். பிரஸ்டன் ஃபாஸ்டர், லாயிட் நோலன், வில்லியம் பெண்டிக்ஸ், ஆண்டனி க்வின் என்று பெரியவர்கள் நிறைந்த கூட்டத்தில் ஜேக்கலுக்குக் கிடைத்தது 'சிக்கன்' ஆண்டர்சன் என்ற கடைக்குட்டிச் சிப்பாயின் வேடம். படம் வெளிவந்தபோது அவருக்கு வயது 17. பெற்றோர் சம்மதித்தால் அந்த வயதிலேயே கடற்படைத் தரைவீரர் படையில் சேரலாம் என்ற காலம் அது. தியேட்டரில் உட்கார்ந்திருந்த தாய் தந்தையர் பலருக்கு, திரையில் தெரிந்த அந்த முகம் பசிபிக் கடலில் எங்கோ இருந்த தங்கள் மகனின் முகமாகவே தெரிந்திருக்கும்.

அடுத்த ஐம்பது ஆண்டுகள் ஜேக்கல் நடித்துக்கொண்டே இருந்தார். சிப்பாய், கப்பற்படை விமானி, ராணுவப் போலீஸ் சார்ஜென்ட், கௌபாய்க் கொள்ளையன், ஷெரீப், போலீஸ் அதிகாரி என்று எத்தனையோ வேடங்கள். பெரும்பாலும் பெயர் வரிசையில் நான்காவதாக, ஆறாவதாக, சில சமயம் இன்னும் கீழே. அவர் முகத்தைப் பார்த்ததும் 'ஓ, இவரா!' என்று சொல்கிறவர்களில் பத்தில் ஒருவருக்குக்கூடப் பெயர் நினைவுக்கு வராது. ஆனாலும் அமெரிக்கப் போர்ப் படங்களின் வரலாற்றை நட்சத்திரங்களின் வழியே எழுதுவதைவிட இப்படிப்பட்ட ஒருவரின் வழியே எழுதுவதுதான் நியாயம். போர்ப் படத்தில் கதை நாயகனுடையது. போரோ துணை நடிகருடையது. நாயகன் பயப்படக் கூடாது. முதல் பாதியில் சாகக் கூடாது. குண்டு விழுந்தால் அழக் கூடாது. போரில் உண்மையாக நடக்கும் இந்த எல்லாவற்றையும் யாராவது நடித்தாக வேண்டும் அல்லவா? அதைச் சுமந்தவர்கள் இரண்டாம் வரிசையில் நின்றவர்கள்.

இந்த இரண்டாம் வரிசை தானாக அமைந்ததல்ல. 1942-இல் அமெரிக்க அரசு போர்த் தகவல் அலுவலகத்தைத் தொடங்கியது. அதன் திரைப்படப் பிரிவு, எடுக்கப்படும் படங்கள் போர் முயற்சிக்கு உதவுகின்றனவா என்று ஸ்டூடியோக்களைக் கேட்டுக்கொண்டே இருந்தது. எல்லா ஊர்க்காரனும், எல்லா வம்சத்தானும் தோளோடு தோள் நின்று போராடுகிறான் என்று காட்ட வேண்டும். அதற்கு வாகாக அமைந்தது ஒரு படைப்பிரிவு. எம்ஜிஎம் எடுத்த 'பட்டான்' (1943) படத்தில் பிலிப்பைன்ஸ் காட்டில் பாலத்தைக் காக்கப் பதின்மூன்று பேர் நிற்கிறார்கள். ஐரிஷ்காரர், யூதர், லத்தீன் வம்சத்தவர், பிலிப்பைன்ஸ்காரர், கறுப்பினத்தவர் என்று ஆளுக்கொரு பின்னணி. அந்தக் கறுப்பினச் சிப்பாயாக நடித்தவர் கென்னத் ஸ்பென்சர். நிஜ அமெரிக்க ராணுவமோ அப்போது கறுப்பர்களைத் தனிப் பிரிவுகளில்தான் வைத்திருந்தது. நாட்டில் இல்லாத சமத்துவத்தை ஒரு துணை நடிகர் திரையில் நின்று காட்டினார்.

படைப்பிரிவு என்று வந்துவிட்டதும் வேடங்களும் படிந்துவிட்டன. புரூக்ளின் பேச்சோடு ஓயாமல் நக்கலடிக்கும் ஒருவர்; ஊரில் மனைவி பிள்ளை பெறக் காத்திருக்கும் ஒருவர்; பைபிள் வாசிப்பவர்; கடிதம் எழுதுபவர்; எல்லாரையும்விட இளையவர். புரூக்ளின்காரர் வேடத்தைத் தமதாக்கிக்கொண்டவர் வில்லியம் பெண்டிக்ஸ். 'வேக் ஐலண்ட்' (1942) படத்துக்காகச் சிறந்த துணை நடிகர் ஆஸ்கர் பரிந்துரையும் பெற்றார். அவர் பிறந்தது மன்ஹாட்டனில். இளையவர் வேடத்துக்கு ஜேக்கல். 'விங் அண்ட் எ ப்ரேயர்' (1944) என்ற விமானந்தாங்கிக் கப்பல் கதையிலும் அவரைக் கூப்பிட்டார்கள்.

எதிரியாக நிற்பதும் துணை நடிகரின் வேலைதான். அந்தப் பக்கத்தின் கதை இன்னும் கசப்பானது. 1942 பிப்ரவரியில் அதிபர் ரூஸ்வெல்ட் போட்ட உத்தரவால் அமெரிக்காவின் மேற்குக் கரையில் வாழ்ந்த ஜப்பானிய வம்சத்தவர் சுமார் 1,20,000 பேர் முகாம்களில் அடைக்கப்பட்டார்கள். பிறகு திரையில் ஜப்பானிய அதிகாரியாக நடிக்க யார் இருந்தார்கள்? சீன வம்சத்தவர், கொரிய வம்சத்தவர். ஹவாயில் பிறந்த சீன வம்சாவளி நடிகர் ரிச்சர்ட் லூ போர்க்காலம் முழுக்க ஜப்பானியத் தளபதியாகவே திரிந்தார். 'தி பர்ப்பிள் ஹார்ட்' (1944) அந்தப் படங்களில் பேர்பெற்றது. கொரிய வம்சாவளி நடிகர் பிலிப் ஆனின் கதை நெஞ்சை அறுக்கும். அவருடைய தந்தை ஆன் சாங்-ஹோ கொரிய விடுதலைப் போராட்டத்தின் பெருந்தலைவர்களில் ஒருவர். ஜப்பானிய ஆட்சியின் சிறைவாசத்தால் உடல் நைந்து 1938-இல் இறந்தவர். அவருடைய மகன்தான் அமெரிக்கத் திரையில் ஜப்பானியக் கொடியவனாக மீண்டும் மீண்டும் நின்றார். ரசிகர்கள் முழு மனதோடு வெறுக்கும்படி நடித்தார்.

எதிரி வேடத்துக்கு ஒரு மனிதனின் கனம் கிடைக்க இன்னும் சில ஆண்டுகள் ஆயின. டேவிட் லீன் இயக்கிய 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் க்வாய்' (1957) படத்தில் கர்னல் சைட்டோவாக வந்த செஸ்ஸூ ஹயகாவா, மௌனப் படக் காலத்தில் பெரும் நட்சத்திரமாக இருந்தவர். முதுமையில் துணை நடிகராகத் திரும்பி ஆஸ்கர் பரிந்துரை பெற்றார். அந்தப் படம் எடுக்கப்பட்டது இலங்கையின் கித்துல்கலையில். அதைப் பற்றிப் பேசும்போது நம்மவர்கள் ஒன்றை மறக்கக் கூடாது. அந்தப் படம் சொல்லும் சயாம்-பர்மா ரயில் பாதையைப் போட மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழ்த் தொழிலாளர்கள் பல்லாயிரக்கணக்கில் கொண்டுபோகப்பட்டார்கள். காலராவிலும் பட்டினியிலும் கூட்டம் கூட்டமாகச் செத்தார்கள். படத்தில் அவர்களுக்கு இடமே இல்லை. பிரிட்டிஷ் கைதிகளின் கதையாகவே அது உலகத்தின் மனதில் பதிந்துவிட்டது. இரண்டாம் வரிசையில்கூட நிறுத்தப்படாதவர்கள் வரலாற்றில் எப்படிக் காணாமல் போகிறார்கள் என்பதற்கு நமக்கு இதைவிட நெருக்கமான சான்று கிடையாது.

ஜேக்கலிடம் திரும்புவோம். போர்க்காலத்தில் அவரும் கடற்பணிக்குப் போனார். திரும்பி வந்தபோது ஹாலிவுட் போர்ப் படங்களைச் சற்று ஆறப்போட்டிருந்தது. போர் முடிந்த களைப்பில் மக்கள் அதைப் பார்க்க விரும்பவில்லை என்று தயாரிப்பாளர்கள் நினைத்தார்கள். அந்த எண்ணத்தை 1949-இல் வந்த இரண்டு படங்கள் உடைத்தன. இரண்டிலும் ஜேக்கல் இருந்தார்.

முதலாவது, வில்லியம் வெல்மன் இயக்கிய 'பேட்டில்கிரவுண்ட்'. 1944 டிசம்பரில் பெல்ஜியத்தின் பஸ்டோன் நகரைச் சுற்றி வளைத்த ஜெர்மானியரிடம் சிக்கிய 101-வது வான்குடைப் படையினரின் கதை. எழுதிய ராபர்ட் பிராஷ் அந்தக் குளிர்காலப் போரில் சிப்பாயாக இருந்தவர். திரைக்கதைக்கு ஆஸ்கர் வாங்கினார். பஸ்டோனில் நின்ற நிஜ வீரர்கள் சிலர் நடிகர்களுக்குப் பயிற்சி கொடுத்து, தாங்களும் கூட்டத்தில் நின்றார்கள். இதில் ஜேக்கலுக்குத் தரப்பட்ட வேடம் பெட்டிஸ் என்ற சிப்பாய். குண்டுமழை தொடங்கியதும் ஓடிவிடுகிறவன். பிறகு பின்வரிசையில் சமையல்கட்டு வேலைக்குப் போகிறான். கடைசியில் ஆள் பற்றாமல் எல்லாரையும் மறுபடி முன்னணிக்கு அழைக்கும்போது, பயத்தில் அவன் கால் எழவில்லை. தயங்கி நிற்கும் நேரத்தில் வீடு இடிந்து அவன் மேல் விழுகிறது. வான் ஜான்சனும் ஜான் ஹோடியாக்கும் நடித்த படத்தில் இந்தப் பாத்திரத்துக்கு நிமிடங்கள் குறைவு. ஆனால் அதில் ஒரு நேர்மை இருக்கிறது. படம் பெட்டிஸைத் திட்டவில்லை. கூட இருந்தவர்களும் பெரிதாகத் திட்டவில்லை. அவன் பயம் தங்களுக்குள்ளும் இருப்பதை அவர்கள் அறிந்திருந்தார்கள்.

இரண்டாவது, ஆலன் டுவான் இயக்கிய 'சாண்ட்ஸ் ஆஃப் ஐவோ ஜீமா'. இது ஜான் வெய்னின் படம். சார்ஜென்ட் ஸ்ட்ரைக்கர் வேடத்துக்காக அவருக்குச் சிறந்த நடிகர் ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. அமெரிக்க வீரனின் உருவம் என்றால் இதுதான் என்று பல தலைமுறைகள் நம்பின. ஜேக்கல் அதில், வில்லியம் மர்ஃபியோடு சேர்ந்து, எந்நேரமும் ஒருவரையொருவர் அடித்துப் புரண்டுகொண்டே இருக்கும் ஃபிளின் சகோதரர்களில் ஒருவர். கனமான படத்துக்குக் கொஞ்சம் சிரிப்பு வேண்டியிருந்தது, அதைக் கொடுத்தார்கள்.

இரண்டாம் உலகப் போரில் ஜான் வெய்ன் படையில் சேரவில்லை. அவருக்குக் குடும்பம் இருந்தது, வயது முப்பதைத் தாண்டியிருந்தது, ஸ்டூடியோவும் அவரை விட்டுக்கொடுக்க விரும்பவில்லை. இதைச் சொல்வது அவரைக் குறைத்துப் பேச அல்ல. அவரைச் சுற்றியும் அவருக்குப் பின்னாலும் அந்தக் காலப் படங்களில் நின்ற துணை நடிகர்களில் எத்தனையோ பேர் போரை நேரில் பார்த்தவர்கள் என்பதைக் கவனிக்க வேண்டும் என்பதற்காகத்தான். 'பேட்டில்கிரவுண்ட்' படத்துக்காகத் துணை நடிகர் பரிந்துரை பெற்ற ஜேம்ஸ் விட்மோர் கடற்படைத் தரைவீரராக இருந்தவர். முரட்டு வில்லனாக அறியப்பட்ட நெவில் பிராண்ட் வெள்ளி நட்சத்திரப் பதக்கம் பெற்ற சிப்பாய். லீ மார்வின் 1944 ஜூனில் சாய்பான் தீவில் காயம்பட்டு, பல மாதங்கள் ஆஸ்பத்திரியில் கிடந்தவர். எர்னஸ்ட் போர்க்னைன் கடற்படையில் ஆண்டுக்கணக்கில் பணியாற்றியவர். சார்லஸ் பிரான்சன் பி-29 குண்டுவீச்சு விமானத்தில் துப்பாக்கி இயக்கியவர்.

எடி ஆல்பர்ட்டைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். 1943 நவம்பரில் தாராவா தீவில் கரையேற முடியாமல் கடலில் மாட்டிக்கொண்ட வீரர்களை, குண்டுகள் பாய்ந்துகொண்டிருக்கும்போதே தன் படகைத் திரும்பத் திரும்ப ஓட்டிப் போய் மீட்டவர் அவர். வெண்கல நட்சத்திரம் பெற்றார். 1956-இல் ராபர்ட் ஆல்ட்ரிச் எடுத்த 'அட்டாக்' படத்தில் அவர் ஏற்ற வேடம் எது தெரியுமா? தன் வீரர்களைச் சாக விட்டுவிட்டு ஒளிந்துகொள்ளும் கோழைக் கேப்டன். நிஜத்தில் துணிச்சல்காரராக இருந்த ஒருவர்தான் கோழையை அவ்வளவு உள்ளே போய்ப் பார்த்து நடிக்க முடியும் போலிருக்கிறது. அந்த நடிப்பைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். அமெரிக்கப் பாதுகாப்புத் துறை அந்தப் படத்துக்கு எந்த உதவியும் செய்ய மறுத்துவிட்டது. அதிகாரியைக் கோழையாகக் காட்டுவதா என்று கோபம். டாங்கிகளைக்கூட ஆல்ட்ரிச் தாமே தேடிப்பிடிக்க வேண்டியிருந்தது. அந்தப் படத்தின் படைப்பிரிவிலும் ஜேக்கல் ஒரு சிப்பாய்.

1948-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், ஸ்டூடியோக்கள் தியேட்டர்களையும் கையில் வைத்திருக்கக் கூடாது என்று தீர்ப்புச் சொன்னது. தொலைக்காட்சியும் வீடுகளுக்குள் நுழைந்தது. மாதச் சம்பளத்துக்கு நடிகர்களை வைத்திருந்த பழைய ஏற்பாடு மெல்லக் கலைந்தது. நட்சத்திரங்களுக்கு அதில் லாபம். தங்கள் விலையைத் தாங்களே சொன்னார்கள். துணை நடிகர்களோ அடுத்த படம் எங்கே என்று ஒவ்வொரு முறையும் கதவைத் தட்ட வேண்டியதாயிற்று. ஜேக்கல் தட்டினார், கதவுகள் திறந்தன. கிரெகரி பெக் நடித்த 'தி கன்ஃபைட்டர்' (1950) படத்தின் ஆரம்பத்தில், மதுக்கடையில் வம்புக்கிழுத்து, துப்பாக்கியை முதலில் உருவி, அடுத்த நொடி செத்து விழும் இளைஞன் அவர்தான். சில நிமிடங்கள்தான் வருகிறார். அந்தச் சாவுக்குப் பழிவாங்கக் கிளம்பும் மூன்று சகோதரர்கள்தான் கதையை நகர்த்துகிறார்கள். நாயகனின் அலுப்புக்கும் துயரத்துக்கும் அந்தப் பையனின் முகம் காரணமாக நிற்க வேண்டும். நின்றது. 'கம் பேக், லிட்டில் ஷீபா' (1952), '3:10 டு யூமா' (1957), நார்மன் மெய்லரின் நாவலிலிருந்து எடுத்த 'தி நேக்கட் அண்ட் தி டெட்' (1958) என்று அந்தப் பத்தாண்டு முழுக்க அவருக்கு வேலை இருந்தது. யூமா படத்தில் அவர் ஏற்ற சார்லி பிரின்ஸ் வேடம், தலைவனை உயிராக நேசிக்கும் அடியாள். 2007-இல் அந்தப் படத்தை மறுபடி எடுத்தபோது பென் ஃபாஸ்டர் அதே வேடத்தில் பெயர் வாங்கினார்.

கதவு திறந்ததற்கு ஒரு பெரிய காரணம் ராபர்ட் ஆல்ட்ரிச். இந்த இயக்குநர் முதன்முதலாக எடுத்த முழுநீளப் படம் 'பிக் லீகர்' (1953), பேஸ்பால் பற்றியது. அதில் ஜேக்கல் உண்டு. கடைசியாக எடுத்த படம் 'ஆல் தி மார்பிள்ஸ்' (1981), பெண் மல்யுத்த வீராங்கனைகளைப் பற்றியது; அதில் நடுவராக ஜேக்கல் உண்டு. நடுவே 'அட்டாக்', 'ஃபோர் ஃபார் டெக்ஸஸ்', 'தி டர்ட்டி டஜன்', 'உல்சானாஸ் ரெய்ட்', 'ட்வைலைட்ஸ் லாஸ்ட் க்ளீமிங்'. ஒரு இயக்குநரின் வாழ்நாள் முழுக்க, முதல் படத்திலிருந்து கடைசிப் படம் வரை கூடவே வந்த நடிகர் என்று திரையுலகில் எத்தனை பேரைச் சொல்ல முடியும்? தனக்கென்று ஒரு குழுவை வைத்துக்கொள்ளும் வழக்கம் ஆல்ட்ரிச்சுக்கு இருந்தது. நாடகக் கம்பெனி வழக்கம் அது. ஸ்டூடியோ கைவிட்ட பாதுகாப்பை ஒரு தனி மனிதரின் விசுவாசம் ஓரளவு ஈடுகட்டியது.

'தி டர்ட்டி டஜன்' (1967) அந்த உறவின் உச்சம். மரண தண்டனையோ நெடுஞ்சிறையோ விதிக்கப்பட்ட பன்னிரண்டு ராணுவக் கைதிகளைப் பயிற்றுவித்து, பிரான்ஸில் ஜெர்மானிய அதிகாரிகள் கூடும் மாளிகையைத் தாக்க அனுப்பும் கதை. இங்கிலாந்தில் படமாக்கப்பட்டது. லீ மார்வின், போர்க்னைன், பிரான்சன், ஜான் கசவெடிஸ், டெல்லி சவாலஸ், டொனால்ட் சதர்லண்ட், அமெரிக்கக் கால்பந்து வீரர் ஜிம் பிரவுன் என்று முரட்டு முகங்களின் திருவிழா. துணை நடிகர் பரிந்துரை கசவெடிஸுக்குப் போனது. ஜேக்கல் இதில் சார்ஜென்ட் பௌரன். கைதிகளைக் காவல் காக்கும் ராணுவப் போலீஸ்காரர்.

எல்லாரும் உரக்க நடிக்கும் படத்தில் அவர் அடங்கி நடிக்கிறார் என்பதுதான் கவனிக்க வேண்டியது. தொடக்கத்தில் அந்தக் கைதிகள் மேல் அவருக்கு வெறுப்பு. அவர்களைப் பயிற்றுவிக்கும் மேஜரின் முறைகள் மேல் சந்தேகம். அது எந்த இடத்தில் மாறுகிறது என்று சுட்டிக்காட்ட முடியாது; வசனத்தில் அறிவிப்பு கிடையாது. நிற்கும் விதம் மாறுகிறது, ஆட்களைப் பார்க்கும் பார்வை மாறுகிறது. கடைசியில், போகக் கடமையில்லாத அந்தச் சண்டைக்கு அவரும் போகிறார். அந்தச் சண்டைக்குப் போனவர்களில் படம் முடியும்போது உயிரோடு இருப்பவர்கள் மூன்று பேர்: மார்வின், பிரான்சன், ஜேக்கல். ஆஸ்பத்திரிக் கட்டில்களில் மூவரும் கிடக்கும் காட்சியோடு முடிகிறது. எத்தனையோ படங்களில் பாதியிலேயே செத்துப்போனவருக்கு இந்த முறை உயிர் மிஞ்சியது. 1985-இல் தொலைக்காட்சிக்காக எடுத்த தொடர்ச்சியில் மார்வினும் போர்க்னைனும் அவரும் அதே வேடங்களில் திரும்ப வந்தார்கள்.

அவருடைய நடிப்பின் சிகரம் போர்ப் படத்தில் இல்லை. பால் நியூமன் இயக்கி நடித்த 'சம்டைம்ஸ் எ கிரேட் நோஷன்' (1971), கென் கீசியின் நாவலிலிருந்து எடுத்தது. ஓரிகான் மாநிலத்தில் மரம் வெட்டும் ஒரு பிடிவாதக் குடும்பத்தின் கதை. ஹென்றி ஃபோண்டா தந்தை, நியூமன் மூத்த மகன். ஜேக்கல் ஜோ பென். கடவுள் நம்பிக்கையும் கலகலப்பும் நிறைந்த உறவுக்காரர். ஒரு பெரிய மரத்துண்டு உருண்டு வந்து ஆற்றோரத்தில் அவர் காலை அமுக்கிப் பிடித்துக்கொள்கிறது. காயம் பெரிதில்லை. சிரித்துப் பேசிக்கொண்டிருக்கிறார். ஆனால் ஆற்றில் நீர் ஏறிக்கொண்டிருக்கிறது. இடுப்பு, மார்பு, கழுத்து. மரத்தை அசைக்க முடியவில்லை. தண்ணீர் முகத்தை மூடிய பிறகு நியூமன் மூழ்கி மூழ்கி வாயோடு வாய் வைத்துக் காற்று கொடுக்கிறார். இதிலுள்ள விசித்திரத்தை நினைத்து ஜோ பென்னுக்குச் சிரிப்பு வந்துவிடுகிறது. அந்தச் சிரிப்பில் மூச்சு போய்விடுகிறது.

அமெரிக்கத் திரையில் இதற்கு இணையான மரணக் காட்சிகள் மிகக் குறைவு என்று தயங்காமல் சொல்லலாம். ஒருவரைக் குண்டு துளைத்துச் சாய்ப்பதை நடிப்பது உடல் வேலை. தான் சாகப்போவதை மெல்ல மெல்ல உணர்ந்துகொண்டே, எதிரில் நிற்பவன் கலங்கிவிடக் கூடாது என்பதற்காகத் தமாஷ் பண்ணிக்கொண்டிருக்கும் ஒருவனை நடிப்பது வேறு. அந்தக் காட்சியில் பயம் எப்போது அவர் கண்ணுக்குள் வருகிறது, அதை எப்படி உடனே விரட்டுகிறார் என்று பார்க்க வேண்டும். 28 ஆண்டுகள் இரண்டாம் வரிசையில் நின்று பயத்தையும் சாவையும் நடித்துப் பழகிய ஒருவரிடம் சேர்ந்திருந்தது எல்லாம் அந்தச் சில நிமிடங்களில் வெளியே வந்தது. நியூமன் மாதிரி ஒரு நட்சத்திரம் தானே இயக்கிய படத்தில் அந்தக் காட்சியை முழுக்க அவருக்கு விட்டுக்கொடுத்ததும் பெரிய மனது.

அந்த நடிப்புக்குச் சிறந்த துணை நடிகர் ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. ஜேக்கலின் வாழ்க்கையில் அது ஒரே முறை. அந்த விருது 1936-ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் தொடங்கியது. முதலில் வாங்கியவர் வால்டர் பிரென்னன். துணை நடிகர்களுக்கு முதல் ஏழு ஆண்டுகள் பொற்சிலை கிடையாது, பட்டயம்தான். 1943-ஆம் ஆண்டுப் படங்களுக்கு விருது கொடுத்தபோதுதான், அதாவது ஜேக்கல் நடிக்க வந்த ஆண்டில்தான், சிலை அவர்களுக்கும் வந்தது. 1972 ஏப்ரல் விழாவில் ஜேக்கல் ஜெயிக்கவில்லை. ஜெயித்தவர் பென் ஜான்சன், 'தி லாஸ்ட் பிக்சர் ஷோ' படத்துக்காக. அவர் குதிரை ஓட்டும் ஸ்டண்ட்காரராக வந்து, ஜான் ஃபோர்டின் படங்களில் பல்லாண்டு இரண்டாம் வரிசையில் நின்றவர். தோற்றாலும் தன் இனத்தானிடம் தோற்றார்.

பணம் பற்றிப் பேசாமல் இந்தத் தொழிலின் வரலாறு நிறைவடையாது. 1950-களில் பழைய படங்கள் தொலைக்காட்சியில் ஓடத் தொடங்கின. போர்ப் படங்களுக்கு அங்கே என்றும் மவுசு. ஆனால் படம் எத்தனை முறை ஓடினாலும் நடித்தவர்களுக்கு ஒன்றும் வராது. 1960 மார்ச்சில் திரை நடிகர் சங்கம் வேலைநிறுத்தத்தில் இறங்கியது. அப்போது சங்கத் தலைவர் பின்னாளில் அதிபரான ரொனால்ட் ரீகன். சில வாரங்களில் உடன்பாடு ஏற்பட்டது. 1960 முதல் எடுக்கும் படங்கள் தொலைக்காட்சியில் ஓடினால் நடிகர்களுக்குப் பங்கு. அதற்கு முந்தைய படங்களுக்குத் தனித்தனியாக எதுவும் கிடையாது. அதற்குப் பதிலாக ஓய்வூதியத்துக்கும் மருத்துவத்துக்கும் 22.5 லட்சம் டாலர் மொத்தமாகச் சங்கத்துக்குத் தரப்பட்டது.

நட்சத்திரத்துக்கு இது பெரிய அடி இல்லை. துணை நடிகருக்கு அடி. 'குவாடல்கனால் டைரி'யும் 'பேட்டில்கிரவுண்ட்'டும் 'சாண்ட்ஸ் ஆஃப் ஐவோ ஜீமா'வும் எத்தனை வீடுகளில் எத்தனை இரவுகள் ஓடியிருந்தாலும் அதில் ஜேக்கலின் பங்கு பூஜ்யம். ஓய்வூதிய ஏற்பாடு நல்ல விஷயம், அது பலரைக் காப்பாற்றியது என்பதும் உண்மை. ஆனாலும் உழைப்பு ஒருபக்கம், அதன் பலன் மறுபக்கம் என்று போனதை மூத்த நடிகர்கள் பலர் கடைசிவரை மன்னிக்கவில்லை. அவர்கள் கோபம் நியாயமானது.

அதனால்தான் எதுவும் வேண்டாம் என்று சொல்லும் வசதி இவர்களுக்கு இருந்ததில்லை. ஜேக்கல் ஜப்பானுக்குப் போய் விண்வெளியில் பச்சைப் பூதங்களோடு சண்டையிட்டார். அந்த 'தி கிரீன் ஸ்லைம்' (1968) படத்தை இயக்கியவர், பின்னர் 'டோரா! டோரா! டோரா!'வின் ஜப்பானியப் பகுதியை இயக்கியவர்களில் ஒருவரான கிஞ்சி ஃபுகாசாகு. 'க்ரிஸ்லி' (1976) படத்தில் மான்தோலைப் போர்த்திக்கொண்டு ராட்சதக் கரடியைத் தேடிப் போனார். சக் நோரிஸின் 'டெல்டா ஃபோர்ஸ் 2' (1990) படத்திலும் இருந்தார். எந்தப் படத்திலும் அவர் அலட்சியமாக நடித்துப் பார்க்க முடியாது. கதை எவ்வளவு மட்டமாக இருந்தாலும் அந்த ஆள் அந்தக் காட்டில், அந்த விண்கலத்தில் நிஜமாகவே இருப்பார். தொலைக்காட்சியில் 'ஸ்பென்சர்: ஃபார் ஹையர்' தொடரில் போலீஸ் லெப்டினென்ட் குவர்க்காகவும், 'பேவாட்ச்' தொடரில் மூத்த உயிர்காப்பாளர் பென் எட்வர்ட்ஸாகவும் வந்து புதிய தலைமுறைக்கும் முகம் பழகிவிட்டார்.

1997 ஜூன் 14-ஆம் தேதி, 70 வயதில், தோல் புற்றுநோயால் இறந்தார். கடைசி நாட்களில் அவர் இருந்த இடம் கலிபோர்னியாவின் உட்லண்ட் ஹில்ஸில் உள்ள திரைத்துறையினருக்கான இல்லமும் ஆஸ்பத்திரியும். 1921-இல் மேரி பிக்ஃபோர்ட், சாப்ளின் முதலியோர் சேர்ந்து தொடங்கிய நிவாரண நிதி அமைத்த இடம் அது. 1930-களில் பிக்ஃபோர்டின் முயற்சியால், நல்ல சம்பளம் வாங்குவோர் சம்பளத்தில் அரை சதவீதம் அந்த நிதிக்கு ஒதுக்கும் வழக்கம் வந்தது. ஜீன் ஹெர்ஷோல்ட் தலைவராக இருந்தபோது நிலம் வாங்கி 1942-இல் இல்லத்தைத் திறந்தார்கள். ஹெர்ஷோல்ட்டும் குணச்சித்திர நடிகர்தான். நடிகர்களும் எலக்ட்ரீஷியன்களும் தையல்காரர்களும் ஒரே வளாகத்தில் முதுமையைக் கழிக்கும்படி அந்த இடம் அமைந்தது.

அடுத்த ஆண்டு, 1998-இல், ஸ்டீவன் ஸ்பில்பெர்க்கின் 'சேவிங் பிரைவேட் ரயன்' வந்தது. கேமரா புதிது, ரத்தம் புதிது, ஓமாஹா கடற்கரையின் முதல் இருபத்துச் சொச்ச நிமிடங்கள் இதுவரை யாரும் காட்டாதவை. ஆனால் ரயனைத் தேடிப்போகும் அந்தச் சின்னக் குழுவை எண்ணிப் பார்த்தால் 1943 அப்படியே இருக்கிறது: புரூக்ளின்காரர் ரைபன், யூதரான மெல்லிஷ், இத்தாலிய வம்சத்துக் கப்பார்சோ, பைபிள் வாசகம் சொல்லிக்கொண்டே குறிவைக்கும் தென்மாநிலத்து ஜாக்சன். கூடவே பயந்தவனும் இருக்கிறான். மாடிப்படியில் கால் மரத்து நின்று, மேலே தோழன் கத்தியால் குத்தப்பட்டுச் சாவதைக் கேட்டுக்கொண்டிருக்கும் அப்ஹம். பெட்டிஸின் நேர் வாரிசு. படம் பார்த்தவர்கள் ஓமாஹாவுக்கு அடுத்தபடி அதிகம் பேசியது அந்த மாடிப்படியைப் பற்றித்தான். கேப்டன் வேடம் டாம் ஹேங்ஸுக்கு. அப்ஹம் வேடம், அன்று பலருக்கும் பெயர் தெரியாதிருந்த ஜெரமி டேவிஸ் என்ற இளைஞருக்கு.